கைக்குக் கொடுத்தவள்

அவளை நினைத்தால் எனக்கு முதலில் வருவது கோபம்தான். பாசமெல்லாம் அதற்குப் பின்னால் வெட்கப்பட்டுக்கொண்டு மெதுவாக வரும். நாலு வருஷம் என்னோடு டென்னிஸ் ஆடி, நாலு வருஷமும் என்னிடம் தோற்று, என்னைப் பெரிய ஆட்டக்காரி என்று நம்பவைத்த மகராசி. அவளோ மாநில ஜூனியர் சாம்பியன். அப்பேர்ப்பட்டவளை நான் ஜெயித்தேன் என்று பார்க்கிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்திருக்கிறேன். கொஞ்சமாவது யோசித்திருக்க வேண்டாமா? பதினேழு வயசில் யார் யோசிக்கிறார்கள்!

எண்பதுகளின் தொடக்கம். அப்பா சப்-ரிஜிஸ்திராராகச் சங்கரன்கோவிலுக்கு மாற்றலாகி வந்து சில வருஷங்கள் ஆகியிருந்தன. அங்கே ஆபீசர்களுக்கென்று ஒரு கிளப் இருந்தது. ஒரு கேரம் போர்டு, இரண்டு சீட்டு மேஜை, பின்னால் ஒரே ஒரு டென்னிஸ் கோர்ட். ஊர் மண் கரிசல். அதில் பந்து எழும்பாது. மழை பெய்தால் வைத்த காலும் எழும்பாது. அதனால் வாசுதேவநல்லூர்ப் பக்கமிருந்து வண்டி வண்டியாகச் செம்மண் கொண்டுவந்து கொட்டியிருந்தார்கள். அந்தக் கோர்ட்டைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள். மார்க்கர் என்பார்கள். உருளை இழுப்பது, சுண்ணாம்புக் கோடு போடுவது, வலை கட்டுவது எல்லாம் அவர் வேலை. ஆள் குறைந்தால் அவரே மட்டையை எடுத்துக்கொண்டு ஆபீசர்களோடு ஆடவும் வேண்டும். அந்த மார்க்கரின் மகள்தான் இவள்.

மார்க்கருக்கு முட்டி தேய்ந்து ஓட முடியாமல் போனபோது இவளுக்குப் பதினோரு வயசு. பாவாடையைத் தூக்கிச் செருகிக்கொண்டு இறங்கினாள். எவரோ ஓர் இன்ஜினீயர் மாற்றலில் போகும்போது விட்டுப்போன மட்டை. பிடி அவள் கைக்குப் பருமன் என்று தோலை உரித்துவிட்டுச் சைக்கிள் டியூபைச் சுற்றியிருந்தார் அவள் அப்பா. அவளுக்கு அவர் சொல்லிக்கொடுத்த டென்னிஸ் மொத்தமும் நாலு வாக்கியம்தான். நானே பலமுறை காதால் கேட்டிருக்கிறேன்.

"பந்து ஆபீசர் கைக்குப் போவணும் மக்கா. கையவிட்டு வெலகிப் போனா அவுக ஓடணும். ஓடுனா மூச்சு வாங்கும், மறுநா வரமாட்டாவ. நாலு பேரு வரலேன்னா இந்த எடத்துல ஜீப்பக் கொண்டு வந்து நிப்பாட்டிருவாவ, பாத்துக்கோ."

அவள் பார்த்துக்கொண்டாள். தாசில்தாருக்கு இடுப்பு உயரத்தில், வலது கைப்பக்கம், ஓர் எட்டுகூட வைக்காமல் அடிக்கிற மாதிரிப் பந்து போகும். ஆஸ்பத்திரி டாக்டர் இடது கைக்காரர். அவருக்கு அந்தப் பக்கம். பாங்க் மானேஜர் கண்ணாடி போட்டவர். சாயங்கால வெயில் முகத்தில் அடிக்கிற பக்கம் அவர் நின்றால் பந்து தாழ்ந்து வரும். ஆனி, ஆடியில் செங்கோட்டைக் கணவாய் வழியாக வருகிற காற்றில் ஊரில் எல்லாரும் வேட்டியைப் பிடித்துக்கொண்டுதான் நடக்க வேண்டும். அந்தக் காற்றிலும் பந்து தாசில்தாரின் இடுப்பைத் தேடிப் போய்ச் சேரும்.

தோற்பதையும் அவள் அழகாகச் செய்வாள். ஆறு–ஒன்று என்று தோற்றால் சந்தேகம் வரும். ஆறு–நாலு, சில நாள் ஏழு–ஐந்து. அஞ்சுக்கு அஞ்சு என்று இழுத்துக்கொண்டு வந்து, கடைசியில் ஒரு லட்டு மாதிரிப் பந்தை வலையில் அடித்துவிட்டு "சே!" என்று நெற்றியில் தட்டிக்கொள்வாள். தாசில்தார் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே, "பரவால்ல, நீயும் நல்லாத்தான் ஆடுத. அவசரப்படாம ஆடு" என்று புத்தி சொல்லிவிட்டு, அன்று பூராவும் சிரித்த முகமாக இருப்பார். அவரிடம் மனு கொடுக்கப் போகிறவர்கள் ஆட்டம் முடிந்த மறுநாள் காலையாகப் பார்த்துப் போவார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. இருந்தாலும் இருக்கும்.

கோர்ட்டுக்கு வெளியிலும் அவள் அப்படித்தான். கத்தரிக்கோல் கேட்டால் பிடி நம் பக்கம் இருக்கும்படி நீட்டுவாள். பேனா கேட்டால் மூடியைக் கழற்றிக் கொடுப்பாள். எங்கள் வீட்டுக் கொய்யா மரத்தில் ஏறி உட்கார்ந்துகொண்டு பழத்தைத் தூக்கிப் போட்டால், நான் எங்கே பார்த்துக்கொண்டு நின்றாலும் அது என் உள்ளங்கையில் வந்து விழும். நான் பிடித்துவிட்டதாக எனக்குப் பெருமை வேறு. ஒரு கிளப் டே அன்று அவளை ஆறு–மூன்று என்று ஜெயித்து ஒரு கப் வாங்கினேன். அப்பா அதை ரேடியோவுக்குப் பக்கத்தில் வைத்து, வருகிறவர்களிடமெல்லாம் காட்டினார்.

அப்படியானால் ஜூனியர் போட்டிகளில் எப்படி ஜெயித்தாள் என்று கேட்பீர்கள். அங்கேயும் இதே ஆட்டம்தான். எதிரே நிற்கிற பிள்ளைகள் பட்டணத்துப் பிள்ளைகள். பலமாக அடிப்பார்கள். இவள் ஓடிப்போய் எடுத்து, மறுபடி அவர்கள் கைக்கே கொடுப்பாள். இன்னும் பலமாக அடிப்பார்கள். திரும்பவும் கைக்கு. இருபது பந்து, முப்பது பந்து போகும். அவர்களுக்கு எரிச்சல் பிடித்துப் பந்தை வெளியே அடித்து, மட்டையைத் தரையில் போட்டு உடைப்பார்கள். இவள் போய் அந்த மட்டையை எடுத்து, பிடி அவர்கள் பக்கம் இருக்கும்படி நீட்டுவாள். என் பழைய ஸ்கூல் யூனிபார்ம் பாவாடையைப் பிரித்துத் தைத்த வெள்ளை ஸ்கர்ட்டில் அவள் மாநில ஜூனியர் கோப்பையை வாங்கியபோது, கூடப் போயிருந்த நான் கை வலிக்கத் தட்டினேன். அப்போதும் எனக்கு உறைக்கவில்லை.

பதினெட்டு வயசு ஆனதும் ஜூனியர் கதை முடிந்தது. அடுத்தது பெரியவர்கள் ஆடுகிற, பரிசுப்பணம் வைத்த போட்டிகள். மதராஸில் முதல் போட்டி. மார்க்கர் கோர்ட்டை விட்டு வர முடியாது, அவள் அம்மா காய்ச்சலில் கிடந்தாள் என்று என்னையும் என் அம்மாவையும் துணைக்கு அனுப்பினார் அப்பா. எதிரே ஆடியவள் முப்பது வயசுக்காரி. தன் கைக்கு வருகிற பந்தை வெளியே அடிக்கிற வயசையெல்லாம் தாண்டியவள். ஒவ்வொரு பந்தையும் நிதானமாக வாங்கி, இவள் இல்லாத மூலையில் வைத்தாள். ஆறு–ஒன்று, ஆறு–ஒன்று.

போட்டியை நடத்திய ஒரு நரைத்த தலை அம்மாள் எங்கள் முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். அந்தக் காலத்தில் பெரிய ஆட்டக்காரியாம். பக்கத்தில் இருந்தவரிடம், "யாரு இந்தப் பொண்ணு? கையில இவ்வளவு வித்தை இருக்கு. ஆனா எதிராளிக்கல்லவா வேலை பார்த்துண்டிருக்கா!" என்றார். எனக்குச் சுருக்கென்று தைத்தது. அவளுக்காக அல்ல, எனக்காக.

செங்கோட்டை ரயிலில் திரும்பி வந்தோம். அம்மா தூங்கிவிட்டாள். சிவகாசி தாண்டியதும் கேட்டேன்.

"ஏட்டி, கிளப் டேயில நான் உன்ன ஜெயிச்சேன்லா?"

"ஆமா."

"நெசமாவா?"

ஜன்னலுக்கு வெளியே பார்த்தாள். "நீங்க நல்லாத்தான் ஆடுனிய."

"அத நான் கேக்கல."

இந்தப் பக்கம் திரும்பி, "கப்பு உங்களுக்குப் பிடிச்சிருந்துல்லா?" என்றாள்.

ராஜபாளையம் வரைக்கும் எனக்குக் கோபம் ஆறவில்லை. பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். ராஜபாளையத்தில் அவள் இறங்கிப் போய்க் காப்பி வாங்கிவந்து, டம்ளர் சுடுமே என்று தாவணி முந்தியைச் சுற்றி என் கையில் வைத்தாள். அவ்வளவுதான். பெட்டி முழுக்க வேடிக்கை பார்க்க, ஓவென்று அழுதுவிட்டேன். அம்மா முழித்துக்கொண்டு, "தோத்தவளே கம்முன்னு இருக்கா, உனக்கென்னட்டி வந்துது?" என்றாள்.

அந்த நரைத்த தலை அம்மாள் அவளை அப்படியே விட்டுவிடவில்லை. பத்து நாளில் ஒரு கடிதம் வந்தது. ஒரு கம்பெனி இரண்டு பெண்களை எடுத்து, ஒரு வருஷம் தன் செலவில் ஊர் ஊராகப் பெரிய போட்டிகளுக்கு அனுப்பப் போகிறதாம். மதுரையில் தேர்வு. மூன்று ஆட்டம் ஜெயித்தால் இடம். அதே வாரத்தில் தாசில்தாரும் ஒரு நல்ல காரியம் செய்தார். நிஜமாகவே நல்ல மனசோடுதான் செய்தார். மார்க்கரைக் கூப்பிட்டு, "உமக்கும் முடியல. உம்ம வேலைய மகளுக்கே போட்டுத் தந்திருதோம். எல்லாருக்கும் அவ ஆட்டம் ஒத்துப்போகுது" என்றார். மார்க்கர் கும்பிட்டுவிட்டு வந்தார். மதுரையில் ஜெயித்தால் மட்டையோடு ஊர் ஊராகப் போகலாம். இல்லையென்றால் முட்டி தேயும்வரை இந்தச் செம்மண்ணிலேயே நின்று, ஆபீசர்களின் இடுப்பைப் பார்த்துப் பந்து போட்டுக்கொண்டிருக்க வேண்டும். இரண்டில் ஒன்று. இருபத்தைந்து நாள்தான் இருந்தது.

"எனக்கு மதுரைக்குப் போவணும்" என்று என்னிடம் மட்டும் சொன்னாள். அவள் தனக்கென்று ஒன்று வேண்டும் என்று சொல்லி நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

ஆபீசர்கள் வராத காலை நேரத்தில் நானும் அவளும் ஆரம்பித்தோம். நான் ஒரு மூலையில் போய் நின்றுகொண்டேன்.

"இங்கன இருந்து அசைய மாட்டேன். நீ அந்த மூலையில அடி."

சர்வ் போட்டேன். பந்து நேராக என் வயிற்றுக்கு வந்தது.

"மன்னிச்சிருங்க."

மறுபடி. மறுபடியும் வயிற்றுக்கு. பத்துப் பந்தில் ஏழு என்னிடம் வந்தது, மூன்று வலையில் விழுந்தது. அந்தக் காலி மூலை காலியாகவே கிடந்தது. எனக்கு ஆத்திரமான ஆத்திரம்.

"கூறுகெட்டவளே, என்னதான்ட்டி உனக்குக் கேடு? பால்வாடிப் பிள்ளகூட அங்கன அடிச்சிருமே!"

தலையைக் குனிந்துகொண்டாள். "ஒருத்தர் இங்கன நிக்காவ. அவுக இல்லாத எடமாப் பாத்து அடிக்கணும்னா, அவுக நிக்கதே எனக்குத் தெரியலேங்க மாதிரில்லா ஆயிருது. மரியாத இல்லாம… எனக்கு வரமாட்டேங்கு."

ஒரு வாரம் இப்படியே போனது. வைதேன், கெஞ்சினேன், பந்தைத் தூக்கி வேலிக்கு வெளியே எறிந்தேன். அவள் போய் எடுத்துவந்து என் கையில் கொடுத்தாள். அன்றைக்குத்தான் எனக்கு ஒன்று தோன்றியது.

"நாலு வருஷமா நான் உன்ன ஏட்டிங்கேன். நீ என்னைய எப்டிக் கூப்பிடுத?"

"நீங்கன்னுதான்."

"அதாம்ட்டி உன் கேடு. நீங்க நீங்கன்னு சொல்லிக்கிட்டு எவளையும் ஓட வைக்க முடியாது. என்ன ஏட்டின்னு கூப்பிடு."

ஏட்டி என்பது அடியே மாதிரி, சரிசமமானவளைத்தான் அப்படிக் கூப்பிடலாம். அவள் நாக்கைக் கடித்துக்கொண்டாள். சுற்றும் முற்றும் பார்த்தாள். "ரிஸ்திரார் ஐயா மகள எப்டி…"

"சவத்த விடு. கூப்பிட்டுட்டு அடி. இல்லாட்டா நான் வரமாட்டேன்."

இரண்டு நாள் முடியவில்லை. வாயைத் திறப்பாள், மூடுவாள், சிரித்துவிடுவாள். மூன்றாம் நாள் நான் நிஜமாகவே மட்டையை உறையில் போட்டுக்கொண்டு கிளம்பினேன். பின்னால் பூனைக்குட்டி கத்துகிற மாதிரி ஒரு சத்தம்.

"ஏ… ஏட்டி."

திரும்பி வந்து சர்வ் போட்டேன். பந்து என்னைத் தாண்டி, வலது கோட்டின் சுண்ணாம்பு தெறிக்க விழுந்து போனது. ஓடினேன், எட்டவில்லை, குப்புற விழுந்தேன். முட்டி சிராய்த்து ரத்தம்.

"ஐயோ, நீங்க…" என்று அவள் ஓடிவந்தாள்.

"நீங்க இல்லட்டி, சவத்தெளவே! போ, போய் அடுத்த பந்தப் போடு!" என்று கத்தினேன். எனக்கு அப்படி ஒரு சந்தோஷம்.

அதற்குப் பின்னால் காலை வேளையில் கிளப்புக்குப் பின்புறம் ஒரே ஏட்டிதான். மார்க்கர் கையில் சுண்ணாம்பு வாளியோடு நின்று கேட்டுவிட்டு வெலவெலத்துப் போய் என்னிடம் வந்தார். "அறியாப் பிள்ள, தப்பா நெனச்சுக்கிடாதிய" என்றார். "நான்தான் சொல்லச் சொன்னேன் அண்ணாச்சி" என்றேன். அவருக்கு விளங்கவில்லை. "ஐயாக்கமாரு காதுல விழாமப் பாத்துக்கோங்க" என்று மட்டும் சொல்லிவிட்டுக் கோடு போடப் போனார்.

மதுரையில் முதல் இரண்டு ஆட்டம் சின்னப் பெண்களோடு. சிரமமில்லை. மூன்றாவதாக வந்தவர் ஒரு போலீஸ் அதிகாரியின் மனைவி. நடுவரே எழுந்து நின்று "வாங்க மேடம்" என்றார். நான் பயந்தபடியே ஆனது. முதல் பந்திலிருந்து மேடத்தின் கைக்கே கொடுத்தாள். மேடம் நன்றாக வாங்கி நன்றாக அடித்தார். முதல் செட் ஆறு–இரண்டு என்று போயிற்று. இரண்டாவதிலும் இரண்டு கேம் போனது. வேலிக்கு வெளியே இருந்து எதுவும் சொல்லக் கூடாது, சொன்னால் ஆட்டத்தை விட்டு நீக்கிவிடுவார்கள். கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். மார்க்கர் வேலை, செம்மண், தாசில்தார் எல்லாம் என் கண் முன்னால் வந்து நின்றன.

பந்து பொறுக்க அவள் என் பக்கத்து வேலி ஓரமாக வந்தாள். என்னைப் பார்க்கவில்லை. எனக்கும் அவளுக்கும் நடுவே கம்பி. குனிந்து எடுக்கும்போது தனக்குத்தானே ஏதோ முணுமுணுத்தாள். "அவுக மேடம் இல்ல. ஏட்டி. ஏட்டி. ஏட்டி." பிள்ளைகள் வாய்ப்பாடு சொல்கிற மாதிரி சொல்லிக்கொண்டே திரும்பிப் போனாள்.

அடுத்த பந்து இடது மூலை. அதற்கடுத்தது வலது மூலை. மேடம் ஓடினார். ஏழு வருஷமாக ஆறு ஆபீசர்களின் இடுப்புக்குக் குறிவைத்துப் பழகிய கை அது. அந்தக் குறியைக் கோட்டுக்கு மாற்றிவிட்டால் யார் நிற்க முடியும்? ஆறு–மூன்று, ஆறு–இரண்டு. முடிந்ததும் வலையோரம் போய்க் கை குலுக்கினாள். மேடத்துக்குப் பேச மூச்சில்லை. இவள் இரண்டு கையாலும் அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "ரொம்ப ஓட வச்சிட்டேன். தப்பா நெனச்சுக்கிடாதிய மேடம்" என்றாள். அந்த அம்மாளும் நல்ல மாதிரி. சிரித்துக்கொண்டே அவள் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போனார்.

ஊருக்குத் திரும்பினோம். மறுவாரம் அவள் மதராஸ் போகவேண்டும். கிளம்புவதற்கு முந்தின நாள் சாயங்காலம் கிளப்பில் எல்லாரும் கூடியிருந்தார்கள். தாசில்தார் புதுப் பந்து டப்பாவையே உடைத்தார். "மதுரைய ஜெயிச்சவள நான் ஜெயிக்கேன், பாத்துக்கிடும்" என்று டாக்டரிடம் சொல்லிவிட்டு இறங்கினார். நான் வேலியோரம் இடம் பிடித்தேன். இன்றைக்கு இருக்கிறது வேடிக்கை என்று உட்கார்ந்திருந்தேன்.

பந்து இடுப்பு உயரத்தில், வலது கைப்பக்கம் போனது. ஒன்றுகூடத் தப்பவில்லை. கடைசிப் பந்தை வலையில் அடித்து நெற்றியில் தட்டிக்கொண்டாள். ஆறு–நாலு. தாசில்தார் மனசு நிறைந்து, அவள் தலையில் கைவைத்து ஆசீர்வாதம் செய்துவிட்டுப் போனார்.

எல்லாரும் போனபின் அவளைப் பிடித்துக்கொண்டேன்.

"நான் முட்டிய ஒடச்சது எல்லாம் வீணாட்டி? மறுபடியும் கைக்கே குடுக்கியே!"

அவள் பந்துகளை டப்பாவில் அடுக்கிக்கொண்டிருந்தாள். "அவுக நாள் பூரா ஆபீசுல கெடந்துட்டு, இங்கன வந்து ஒரு மணி நேரம் சந்தோசமா இருக்காவ. முன்னால எனக்கு வேற மாதிரி ஆடத் தெரியாது. அதனால குடுத்தேன். இப்பத் தெரியும். தெரிஞ்சேதான் குடுத்தேன். அது வேறல்லா?"

யோசித்துப் பார்த்தேன். வேறுதான். ஆனாலும் எனக்கு மனசு ஆறவில்லை.

"அப்ப எனக்கு? எனக்கும் குடுத்துட்டுத்தான் போவியோ?"

டப்பாவைக் கீழே வைத்தாள். என்னை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு மட்டையை எடுத்தாள்.

"எந்திரி" என்றாள்.

அந்த ஆட்டத்தில் ஒரு பந்து, ஒரே ஒரு பந்துகூட என் கைக்கு வரவில்லை. இடது ஓரம், வலது ஓரம், வலைக்குப் பக்கத்தில், தலைக்கு மேலே, நான் இல்லாத இடமெல்லாம் பந்து விழுந்தது. செம்மண்ணில் புரண்டு எழுந்து புரண்டு எழுந்து ஓடினேன். இரக்கம் காட்டவே இல்லை. வாளியோடு வந்த மார்க்கர் தடுக்கவும் முடியாமல் பார்க்கவும் முடியாமல் முகத்தைத் திருப்பிக்கொண்டு நின்றார். ஆறு–சைபர். மூச்சு வாங்க வலையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவள் வந்து எதிரே நின்றாள். மன்னிச்சிருங்க என்று சொல்லவில்லை. தப்பா நெனச்சுக்கிடாதிய என்றும் சொல்லவில்லை. இரண்டு பேரும் சிரித்தோம்.

மறுநாள் அவள் ரயில் ஏறினாள். அந்த ஆடியில் எங்களுக்கும் மாற்றல் வந்துவிட்டது. அதற்குப் பிறகு பேப்பரில் விளையாட்டுப் பக்கத்தில் பொடி எழுத்தில் அவள் பெயரைப் பார்க்கும்போதெல்லாம், தாசில்தாரும் டாக்டரும் பாங்க் மானேஜரும் எந்தெந்த ஊரிலோ இருந்துகொண்டு, "இந்தப் பிள்ளைய நான் எத்தன தடவை ஜெயிச்சிருக்கேன் தெரியுமா?" என்று பக்கத்தில் இருப்பவர்களிடம் சொல்லிக்கொண்டிருப்பார்கள் என்று நினைத்துக்கொள்வேன். சொல்லட்டும், அவர்கள் ஜெயித்தது நிஜம்தானே. அந்த ஊரில் அவளிடம் தோற்றவள் நான் ஒருத்திதான்.